லீவு என்று நினைத்து அழுத்தியது

கதிரு, முதலில் எங்கேயாவது உட்கார்ந்துகொள். நின்றபடியே கட்டைவிரலால் தள்ளித் தள்ளிப் படிக்கிற சமாசாரம் இல்லை இது. செல்வியின் நோட்டில் நடுப்பக்கமாகப் பார்த்துக் கிழித்து, ஏழாங்கிளாஸ் படிப்பை வைத்துக்கொண்டு எழுதுகிறேன். வாய்ஸ் மெசேஜில் சொல்லிவிடலாம் என்றுதான் நாலு தடவை போனை எடுத்தேன். என் வாய் உனக்குத் தெரியும். பாதியில் யாரையாவது கிண்டல் பண்ணி, நானே சிரித்து, விஷயத்தைச் சொல்லாமலே வைத்துவிடுவேன். காகிதத்தில் சிரிப்புச் சத்தம் வராது. விஷயம் இதுதான். ஒருவர் வாங்கின கம்ப்யூட்டர் கேமை எல்லாரும் பங்கு வைத்து ஆடுகிற உன் கேம் குடும்பத்திலிருந்து உன்னை வெளியே அனுப்பியது உன் தங்கச்சி செல்வி இல்லை. நான். அவள்தான் செய்தாள் என்று இருபத்திரண்டு நாளாக நீ அவளிடம் பேசவில்லை. உன் பொண்டாட்டி திவ்யாவோ, அவளுடைய கேமை எல்லாம் நாங்கள் வாங்கி வைத்துக்கொண்டு உன்னை மட்டும் வெளியே தள்ளிவிட்டோம் என்று நினைத்துக்கொண்டிருக்கிறாள். இரண்டும் என்னால் வந்த வினை.

உனக்குத் தெரிந்த கதையையே உனக்குச் சொல்கிறேன் என்று கொட்டாவி விடாதே. மேரிக்கும் இதைப் படித்துக் காட்ட வேண்டும். பொம்மைக் கம்பெனியில் எனக்குப் பக்கத்து ஸ்டூலில் உட்கார்ந்து கண் எழுதுகிறாளே, அந்த மேரிதான். அவளுக்கும் இதில் பங்கு இருக்கிறது. அதனால் முதலிலிருந்தே வருகிறேன். நீ பத்தாவது படிக்கும்போது பஸ் ஸ்டாண்டு பக்கம் இருந்த கம்ப்யூட்டர் சென்டரில் உன்னைப் பிடித்து, காதைத் திருகி, ரோடு முழுக்க இழுத்துக்கொண்டு வந்தேன். நீ அழவில்லை. "ம்மா, சேவ் பண்ணிட்டு வரேம்மா, ஒரே நிமிசம்மா" என்றுதான் கெஞ்சினாய். சேவ் என்றால் என்ன என்று நான் கேட்கவில்லை. ஏதோ கெட்ட வார்த்தை என்று நினைத்து இன்னொரு திருகு திருகினேன். இப்போது நானே கேமில் லாரி ஓட்டும்போது கரண்டு போய், ஏற்றிய லோடெல்லாம் ஏற்றாத லோடாக ஆகிறபோதுதான் அந்தக் காது எப்படி வலித்திருக்கும் என்று தெரிகிறது. அன்றைக்கு ஒரு கேள்வி கேட்டிருக்கலாம். கேட்காமல் கை நீட்டியது பழைய தப்பு. கேட்காமல் பட்டனை அழுத்தியது புதுத் தப்பு. உன் அம்மா வளரவே இல்லை என்று வைத்துக்கொள்.

நிச்சயம் முடிந்து நீ ஓசூருக்குக் கிளம்பிய அன்று உன் பழைய லேப்டாப்பை டிவியில் மாட்டிவிட்டு, நீ வாங்கி வைத்திருக்கிற கேமையெல்லாம் இனி நாங்களும் ஆடலாம் என்று சொன்னாய். எனக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. "யாருடா காசு குடுத்தது? நீதான? அப்ப அது உங்கிட்டதான இருக்கணும், எங்கிட்ட எப்புடி இருக்கும்?" என்று கேட்டேன். "உங்ககிட்டயும் இருக்குது, எங்கிட்டயும் இருக்குதும்மா" என்றாய். நான் அதை நாள் முழுக்க யோசித்துக்கொண்டே பொம்மைக்குக் கண் வைத்தேன். எதிர் வூட்டுக்கு இட்லிக் குண்டானைக் கொடுத்தால், அது திரும்பி வரும்வரைக்கும் நம் வூட்டில் இட்லி கிடையாது. பொருள் என்றால் அப்படித்தானே? நீ கொடுத்தது எப்படிப்பட்ட பொருள்? கொடுத்த இடத்தில் பள்ளமே விழவில்லையே! அப்புறம் ஒரு நாள், பனி ரோட்டில் நான் மரக்கட்டை ஏற்றிக்கொண்டு போகும்போது நீ போன் பண்ணினாயே, அன்றைக்குத்தான் கொஞ்சம் வெளிச்சம் வந்தது.

"ம்மா, லாரிலேர்ந்து எறங்குங்க. நான் ஆடணும்."

"லோடு எறக்காம எப்புடிடா எறங்குறது? இன்னும் நாப்பது கிலோமீட்டரு இருக்குது."

"ஒரு கேமுல ஒரு நேரத்துக்கு ஒருத்தர்தாம்மா. வேற கேமு ஆடிக்குங்க."

ஆக, இங்கேயும் குண்டான் ஒன்றுதான், மறைந்து இருக்கிறது, அவ்வளவுதான். எனக்கு அப்படி ஒரு திருப்தி. உன் அப்பா அன்றைக்கு நிஜ லாரியில் வேப்பூருக்குப் பீங்கான் லோடு இறக்கிவிட்டு வந்திருந்தார். பின்னால் நின்று, "சிக்னலு போடாம திரும்புற, இந்தா, கண்ணாடியப் பாரு" என்று நச்சரித்தார். சரி, நீங்களே ஓட்டுங்கள் என்று கொடுத்தேன். நம்மூர்ப் பழக்கத்தில் இடது பக்கமே போனார். எதிரே வந்த அத்தனை பேரும் அவர்மேல் வந்து மோதினார்கள். ஆறாவது கார் மோதியதும் எழுந்து துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, "அந்த நாட்டுக்காரனுங்களுக்கு ஓட்டவே தெரியல" என்று சொல்லிவிட்டுக் குளிக்கப் போனார். அதோடு அவர் அதைத் தொடவில்லை. ஆனாலும் அவருக்கென்று ஒரு இடம் அந்தக் குடும்பத்தில் இருக்கிறது.

அந்த இடக் கணக்கைத்தான் நான் சரியாகப் படிக்கவில்லை. மொத்தம் ஆறு இடம் என்று சொன்னாய். நீ, செல்வி, நான், அப்பா, ஹாஸ்டலில் உன்னோடு இருந்த அசோக்கு. ஆறாவது இடம் திவ்யாவுக்கு என்று காலியாக வைத்திருந்தாய். "ஒரே வூட்ல இருக்குறவங்கதான் சேரலாம்னு சொன்ன, அசோக்கு எப்புடி?" என்று நான் கேட்டதற்கு, "நாலு வருசம் ஒரே ரூமுல ஒரே பக்கெட்டுல குளிச்சோம்மா, அதவிட வூடு என்னா இருக்குது?" என்றாய். கேம் விற்கிற கடைக்காரர் ஒத்துக்கொள்வாரோ என்னவோ, எனக்கு அந்தப் பதில் பிடித்திருந்தது. யார் யார் குடும்பம் என்பதை ஒரு கடை கேட்கிறது, நாம் ஆறு பேரை எழுதிக் கொடுக்கிறோம். இது எனக்கு ரொம்ப வேடிக்கையாக இருந்தது. என் கூடப்பிறந்த தம்பி அதில் இல்லை. ஒரு பக்கெட்டு அசோக்கு இருக்கிறான்.

திவ்யாவை உனக்குப் பார்க்கப் போனது ஞாபகம் இருக்கிறதா? திட்டக்குடியில் அவர்கள் வூட்டில் உங்கள் இரண்டு பேரையும் பேசிவிட்டு வாருங்கள் என்று மாடிக்கு அனுப்பினோம். நானும் அவள் அம்மாவும் தண்ணி எடுக்கிற சாக்கில் படிக்கட்டுப் பக்கம் நின்றோம். நின்றோம் என்ன, ஒட்டுத்தான் கேட்டோம். மேலேயிருந்து அந்தப் பொண்ணின் குரல் வருகிறது. "நேத்து ஒரே நாள்ல பதினாலு பேர முடிச்சேன்." அதற்கு நீ, "பின்னாடியா போயி அடிச்சாத்தான் சத்தம் வராது" என்கிறாய். அவள் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "சம்பந்தி, பையன் என்னா வேலன்னு சொன்னீங்க?" என்றார்கள். அப்போதே எனக்கு அந்தப் பொண்ணைப் பிடித்துவிட்டது. அவளும் கேமெல்லாம் சொந்தமாக வாங்கி வைத்திருந்தாள், யாரோடும் பங்கு வைக்காமல். கல்யாணம் முடிந்ததும் தன்னுடையதையும் எடுத்துக்கொண்டு உன் குடும்பத்தில் வந்து சேர்வதாகப் பேச்சு. செல்விதான், "அண்ணி வந்தா எனக்கு ஆடவே டைம் கெடைக்காது, வரவே வேணாம்னு சொல்லு" என்று குதித்தாள். விளையாட்டாகச் சொன்னது. அந்த ஒரு பேச்சு பின்னால் அவள் கழுத்தில் சுருக்காக விழுந்தது.

இப்போது மேரிக்கு வருகிறேன். நான் தினமும் கம்பெனியில் லாரிக் கதை சொல்லிச் சொல்லி அவளுக்கு ஆசை வந்துவிட்டது. அவள் மகளுடைய கம்ப்யூட்டரில் கணக்கெல்லாம் ஆரம்பித்து வைத்துக்கொண்டு, "என்னையும் ஒரு பத்து நாளு ஏத்திக்கக் கூடாதாக்கா?" என்றாள். ஆறாவது இடம் மருமகளுக்கு. அதில் இன்னொருத்தியை உட்காரவைக்க எனக்கு மனசு வரவில்லை. கல்யாணம் முடிந்து நீங்கள் இரண்டு பேரும் மூணாறு போய்விட்டீர்கள். எட்டு நாள் நீ கேம் பக்கம் வரப்போவதில்லை. எங்கள் பெஞ்சில் வழக்கம் உனக்குத் தெரியும். ஒருத்தி லீவு போட்டால் அவள் ஸ்டூலில் இன்னொருத்தி உட்காருவாள், அவளுடைய பிரஷ்ஷையே எடுத்துக் கண் எழுதுவாள். லீவு முடிந்து அவள் வந்து நின்றால், இவள் எழுந்துவிடுவாள். ஒரு சண்டை கிடையாது. அதேபோல நீ வரும்வரைக்கும் உன் இடத்தில் மேரி உட்காரட்டும் என்று லேப்டாப்பைத் திறந்தால் உன் கணக்கே திறந்து கிடக்கிறது. கல்யாணத்துக்கு முந்தின நாள் திவ்யாவுக்கு அழைப்பு அனுப்பிவிட்டு மூடாமல் போயிருக்கிறாய். குடும்பம் என்ற பக்கத்தில் எல்லார் பேரும் வரிசையாக இருந்தது. உன் பேருக்குக் கீழே ஒரு பட்டன். நான் எழுத்துக் கூட்டிப் படித்தேன். லீவ் ஃபேமிலி.

என்ன நினைத்திருப்பேன் என்று நீயே சொல். எனக்கு லீவு என்றால் லீவுதான். பொங்கலுக்கு லீவு, காய்ச்சலுக்கு லீவு, மகன் கல்யாணத்துக்கு அஞ்சு நாள் லீவு. போனால் வருகிறதுக்குப் பேர்தான் லீவு. குடும்பத்துக்கும் லீவு கொடுக்கிறார்களே, எவ்வளவு விவரமான கடைக்காரர் என்று மனசுக்குள் பாராட்டிக்கொண்டே அழுத்தினேன். ஒரு நீளமான எச்சரிக்கை வந்தது. அதில் எனக்குப் படிக்கத் தெரிந்தது ஒன் இயர் என்பது மட்டும்தான். எங்கள் மேஸ்திரி ஒரு வாரத்துக்கு மேல் கேட்டால் கண்ணாடியைக் கழற்றிவிட்டு முறைப்பார். இவர் ஒரு வருஷம் வரைக்கும் தருகிறாரே என்று வாயைப் பிளந்தபடி இன்னொரு தடவை அழுத்தினேன். பேர் வரிசை காணாமல் போய்விட்டது. மேரியைச் சேர்க்க எங்கேயும் இடம் காட்டவில்லை. என் கணக்கில் போய்ப் பார்த்தேன். நீ இல்லை, லாரியும் இல்லை. லேப்டாப்பை மூடி, அதன்மேல் டிவி உறையைப் போட்டுப் போர்த்திவிட்டு, ரசத்துக்குப் புளி கரைக்கப் போய்விட்டேன்.

அன்றைக்குச் சாயங்காலம்தான் திவ்யா மூணாறிலிருந்தே உன் அழைப்பை ஏற்று உள்ளே வந்தாள். வந்து பார்த்தால் மாமியார் இருக்கிறாள், மாமனார் இருக்கிறார், நாத்தனார் இருக்கிறாள், அசோக்குகூட இருக்கிறான். புருஷனைக் காணோம்! அவள் கொண்டுவந்த கேமையெல்லாம் நாங்கள் ஆடலாம், நீ ஆட முடியாது. வெளியே போனவன் ஒரு வருஷத்துக்கு எதிலும் சேர முடியாது, இதே குடும்பத்திலும் திரும்ப வர முடியாது என்று உனக்கு மட்டும்தான் தெரிந்திருந்தது. நீ செல்விக்குப் போன் போட்டுக் கத்தினாய். பாஸ்வேர்டு தெரிந்தவள் அவள், வரவே வேண்டாம் என்று சொன்னவளும் அவள். "நான் இல்லண்ணா, சத்தியமா நான் இல்ல" என்று அவள் சொல்லச் சொல்ல நீ கேட்கவில்லை. போன் ஸ்பீக்கரில் இருந்தது. பின்னாலிருந்து திவ்யா மெதுவாகப் பேசியது எனக்குக் கேட்டது. "விடுங்க. என்னோடது எல்லாம் அங்க போயிடுச்சு, நீங்க மட்டும் வெளிய. புடிக்கலன்னா மொதல்லயே சொல்லியிருக்கலாம்." கத்தியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். சீர் கொண்டுவந்த பொண்ணு, சீரை வாங்கிக்கொண்டு தன்னை வாசலில் நிறுத்தியதுபோலப் பேசினாள். நான் ரசத்தைக் கிண்டிக்கொண்டே இருந்தேன். ரசத்தை யாராவது கிண்டுவார்களா?

ஏன் அப்போதே சொல்லவில்லை என்று கேட்பாய். நானும் இத்தனை நாளாக அதையேதான் யோசிக்கிறேன். பயம் இல்லை. நான் ஊரையே கிண்டல் பண்ணுகிறவள். உன் அப்பா இடது பக்கம் ஓட்டியதைக் கம்பெனி முழுக்க நடித்துக் காட்டியவள். லீவு என்று நினைத்து மகனைக் குடும்பத்தைவிட்டு அனுப்பினாள் என்று என்னைப் பார்த்து ஒருத்தர் சிரிப்பதை என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை. அதுவும் வந்து ஒரு வாரம் ஆகாத மருமகள் முன்னால். இன்றைக்குச் சொல்லலாம், நாளைக்குச் சொல்லலாம் என்று தள்ளினேன். அதற்குள் நீ செல்வியின் போனை எடுப்பதை நிறுத்திவிட்டாய்.

போன ஞாயிற்றுக்கிழமை செல்வி தலைக்குக் குளித்துவிட்டு, வெள்ளைத்தாளும் பேனாவும் எடுத்துக்கொண்டு உட்கார்ந்தாள். என்னடி என்றேன். "கொளஞ்சியப்பருக்குப் பிராது கட்டப்போறேன்" என்றாள். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. நிலத் தகராறு, திருட்டு, ஏமாற்று என்று ஜனங்கள் குறையைக் காகிதத்தில் எழுதி அந்த முருகன் கோயிலில் கட்டிவிட்டு வருவார்கள், சாமி விசாரிக்கும் என்று. கேமுக்கு யாராவது பிராது கட்டுவார்களா?

"சாமிக்கு லேப்டாப்பெல்லாம் தெரியுமாடி?" என்று சிரிக்கப் பார்த்தேன்.

"தெரியாத யாரோதாம்மா அமுக்கியிருக்காங்க. தெரிஞ்சவங்களா இருந்தா அமுக்கியிருக்க மாட்டாங்க."

"என்னான்னு எழுதுவ?"

"எங்க அண்ணன் எங்கூடப் பேசல. நான் செய்யல. செஞ்சவங்கள நீயே பாத்துக்கன்னு."

அந்தத் தாளை வாங்கி, "செஞ்சவ இங்கதான் நிக்குறா, சாமிக்கு எதுக்கு வேல?" என்றேன். அவள் முதலில் சிரித்தாள், வழக்கமான கிண்டல் என்று நினைத்து. என் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. லீவுக் கதையை முழுசாகச் சொன்னேன். திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள். "தெனம் நான் அழுதத பாத்துக்கிட்டுத்தான இருந்தீங்க?" அவள் எழுந்து போய்த் தலையைத் துவட்டிக்கொண்டாள். இன்றைக்குவரைக்கும் என்னிடம் அளந்துதான் பேசுகிறாள்.

புத்தி சொல்கிற யோக்கியதை எனக்கு இல்லை என்று தெரியும். ஆனாலும் சொல்லாமல் இருந்தால் உன் அம்மா என்று எப்படித் தெரியும்? இந்த நாட்களில் ஒரு வேலை பண்ணினேன். திவ்யாவின் கேம் எதையும் ஆடவில்லை, தொடவில்லை. ஆனால் வரிசையை மட்டும் உட்கார்ந்து பார்த்தேன். எதை எத்தனை மணி நேரம் ஆடினாள் என்று செல்வி காட்டினாள். பதினாலு பேரை முடித்தேன் என்றாளே, அந்தக் கேமில் அவள் இருந்தது நாற்பது மணி நேரம்தான். ஒரு குளத்தங்கரையில் உட்கார்ந்து மீன் பிடிக்கிற கேம் ஒன்று இருக்கிறது. அதில் முந்நூறு மணி நேரத்துக்கு மேல். தூண்டிலைப் போட்டுவிட்டுச் சும்மா காத்திருக்கிறாள். உன் வரிசையையும் பார்த்திருக்கிறேன். வாங்கிவிட்டு ஒரு தடவைகூடத் திறக்காதது முப்பத்தொன்று, உன் சட்டைகளைப் போலவே. கடகடவென்று வாங்குகிறவனும், கோபம் வந்தால் படாரென்று போனை வைக்கிறவனும் நீதான். அவள் அடிக்கிற ஆள் என்று நினைத்து அடித்துப் பேசாதே. அவள் காத்திருக்கிற ஆள். பதில் வரும்வரைக்கும் உட்கார்ந்திருப்பாள். அவளை ரொம்ப நேரம் உட்காரவைக்காதே. நான் இருபத்திரண்டு நாள் உட்காரவைத்துவிட்டேன், அது போதும்.

இன்னொன்றும் நினைத்துப் பார்த்தேன். பங்கு வைப்பது ரொம்ப சுலபம் என்று நாம் எல்லாரும் நினைத்துக்கொண்டோம், பள்ளமே விழவில்லையே என்று. பள்ளம் விழாததால்தான் கேட்காமல் எடுக்கிற பழக்கம் வருகிறது. இட்லிக் குண்டானாக இருந்திருந்தால் மேரிக்குக் கொடுக்குமுன் உன்னிடம் ஒரு வார்த்தை கேட்டிருப்பேன். உன் பேரையே எடுக்கிற பட்டனை அழுத்துமுன் கேட்கத் தோன்றவில்லை. நீயும் திவ்யாவும் எல்லாவற்றையும் ஒன்றாக வைத்துக்கொள்ளுங்கள், நல்லதுதான். ஆனால் ஒருவர் பொருளை ஒருவர் எடுக்கும்போது, எடுத்துக்கொள்ளட்டுமா என்று வாயால் ஒருமுறை கேளுங்கள். எடு என்று பதில் வரும் என்று தெரிந்தாலும் கேளுங்கள்.

திவ்யா, நீயும் இதைக் கேட்பாய், அவன் சத்தமாகத்தான் படிக்க வேண்டும் என்று சொல்லப்போகிறேன். உன்னை உள்ளே விட்டு அவனை வெளியே தள்ளவேண்டும் என்று இந்த வூட்டில் யாரும் நினைக்கவில்லை, கண்ணு. ஒரு வார்த்தையைத் தப்பாகப் படித்த ஒருத்தி இருக்கிறாள், அவ்வளவுதான். அவன் இல்லாத குடும்பத்தில் நீ ஒரு வருஷம் உட்கார்ந்திருக்க வேண்டும் என்று எனக்கு ஆசை இல்லை. உனக்கு விருப்பம் இருந்தால் நீயும் வெளியே போய்விடு, உன் கேமையெல்லாம் எடுத்துக்கொண்டு. வருஷம் திரும்பியதும் உங்கள் இரண்டு பேர் பேரில் புதுசாக ஒன்று தொடங்குங்கள். அதில் யாரைச் சேர்ப்பது என்று நீங்கள் முடிவு பண்ணுங்கள். அசோக்கை முதலில் சேர்த்து என்னைக் கடைசியில் சேர்த்தாலும் வருத்தப்பட மாட்டேன். சேர்க்கவே இல்லை என்றால் கொஞ்சம் வருத்தப்படுவேன், வெளியே காட்டிக்கொள்ள மாட்டேன். நீ இங்கேயே இருப்பேன் என்று சொன்னாலும் சரி. உன் மீன் குளத்தில் நான் கால் வைக்க மாட்டேன், நீயாகக் கூப்பிட்டால் ஒழிய. என்னைப் பார்த்துச் சிரிக்க வேண்டும் என்று தோன்றினால் தாராளமாகச் சிரி. ஊருக்கு வரும்போது என் முன்னாலேயே சிரி.

கதிரு, கடிதத்தை மடித்து வைத்ததும் செல்விக்குப் போன் போடு. எடுக்க மாட்டாள். மறுபடியும் போடு. எடுத்ததும் அம்மா எழுதியிருந்தாங்க என்று ஆரம்பிக்காதே. நான் சொல்லித்தான் நீ நம்பினாய் என்பதை அவளிடம் மறைப்பதற்காக இதைச் சொல்லவில்லை. அது அவளுக்கே தெரியும், அதுதான் அவளுக்கு வலி. நான் இல்லண்ணா என்று அவள் சொன்னபோதே நீ நம்பியிருக்க வேண்டும். அதை மட்டும் சொல். அப்புறம் அவள் திட்டட்டும். நடுவில் பேசாமல் கேள்.